களம் அமைப்பவர்: நண்பர்களுக்குள் நடக்கும் கணினி ஆட்டத்தின் கதை

கடந்த கோடை விடுமுறையின்போது, கல்லூரிக் காலம் தொட்டுப் பழகிய நண்பர்கள் நால்வர் ஒரு பழைய ஆசையை நிறைவேற்றிக்கொள்ள முனைந்தோம். முதுகலை படித்த நாட்களில் இரவெல்லாம் விழித்திருந்து ஆடிய 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ்' ஆட்டத்தை இன்னும் ஒரே ஒரு முறை ஆடிப் பார்ப்பது என்பதே அது. ஒருவர் திருநெல்வேலியில், ஒருவர் பெங்களூரில், ஒருவர் டொராண்டோவில், எஞ்சியவர் மதுரையில். பழைய குறுந்தகடு பத்திரமாக இருந்தது. நால்வரிடமும் அந்நாளில் கனவிலும் காணாத வேகமுள்ள கணினிகளும் இணைய இணைப்பும் இருந்தன. ஆயினும் இரவு ஒன்பது மணிக்குத் தொடங்கிய முயற்சி பன்னிரண்டைத் தாண்டியும் கைகூடவில்லை. ஒருவர் ஆட்டத்தைத் திறந்து வைத்துக் காத்திருப்பார். மற்ற மூவரின் திரையிலும் அந்த ஆட்டம் தென்படவே தென்படாது. இறுதியில் பெங்களூர் நண்பரின் மகன், பொறியியல் இரண்டாம் ஆண்டு மாணவன், வேறொரு மென்பொருளை நிறுவச் சொல்லிக் கால் மணி நேரத்தில் எங்களைச் சேர்த்து வைத்தான்.

2001ஆம் ஆண்டில் இரண்டு நிமிடங்களில் நடந்த காரியம் இப்போது பாதி இரவை விழுங்கியது ஏன்? இந்தக் கேள்விதான் இக்கட்டுரைக்கு வித்து. விடை தேடப் புகுந்தபோது, அது எங்கள் நால்வரின் தொழில்நுட்ப அறியாமையோடு முடிந்துவிடும் விஷயமன்று என்று தெரிந்தது. அதற்குப் பின்னால் ஐம்பதாண்டு வரலாறு ஒன்று இருக்கிறது. நண்பர்களைத் தம் கணினிக்கு அழைத்து ஆடச் செய்யும் உரிமை யாருடையது என்ற வழக்கின் வரலாறு அது.

ஆட்டத்தைத் தம் கணினியில் நடத்திப் பிறரை அழைப்பவரை ஆங்கிலத்தில் 'ஹோஸ்ட்' என்கிறார்கள். வீட்டுக்கு வந்தவரை வரவேற்று உணவிடுபவருக்கும் அதே சொல்தான். தமிழில் இதற்குப் 'புரவலர்' என்றும் 'ஓம்புநர்' என்றும் சொல் ஆள்பவர்கள் உண்டு. இரண்டிலும் விருந்தோம்பலின் வாசனை இருக்கிறது. விருந்தோம்ப வேண்டுமாயின் முதலில் ஒருவருக்கு வீடு வேண்டும், வாசல் வேண்டும், அந்த வாசலைத் திறக்கும் உரிமை அவர் கையில் இருக்க வேண்டும். இந்த மூன்றும் கணினி ஆட்டங்களில் எப்படி வந்தன, எப்படிக் கைமாறின என்பதைப் பார்ப்போம்.

கம்பியின் நீளம்

தனித்தனிக் கணினிகளில் அமர்ந்த இருவர் ஒரே களத்தில் ஒருவரை ஒருவர் கண்டுகொண்டது ஏறத்தாழ 1973, 74ஆம் ஆண்டுகளில். கலிபோர்னியாவில் உள்ள நாசாவின் ஏம்ஸ் ஆய்வு மையத்தில், இம்லாக் என்ற வகைக் கணினிகளில் 'மேஸ் வார்' என்ற ஆட்டம் உருவானது. ஸ்டீவ் கோலி, கிரெக் தாம்சன், ஹோவர்ட் பால்மர் ஆகியோர் இதை உருவாக்கியவர்கள். குறுகிய சந்துகள் நிறைந்த ஒரு புதிர்ப்பாதை. அதில் எதிராளி ஒரு கண்ணின் வடிவில் தோன்றுவார். முதலில் இரண்டு கணினிகளைக் கம்பியால் இணைத்து ஆடினார்கள். பின்னர் தாம்சன் எம்.ஐ.டி.க்குச் சென்றபோது ஆட்டமும் உடன் சென்று, எட்டுப் பேர் வரை ஆடும்படி வளர்ந்தது.

1978இல் இங்கிலாந்தின் எஸ்ஸெக்ஸ் பல்கலைக்கழகத்தில் ராய் டிரப்ஷா தொடங்கி, ரிச்சர்ட் பார்ட்டில் தொடர்ந்த 'மட்' என்ற ஆட்டம் வேறொரு வகை. அதில் படமே கிடையாது, யாவும் சொற்கள். அறை எப்படி இருக்கிறது, அங்கே யார் நிற்கிறார்கள் என்பதைத் திரை எழுத்தில் சொல்லும். என்ன செய்ய வேண்டும் என்பதை ஆடுபவர் தட்டச்சு செய்வார். பல்கலைக்கழகத்தின் பெருங்கணினியை அலுவல் நேரத்தில் விளையாட்டுக்குத் தர இயலாதாகையால் வெளியாட்கள் தொலைபேசி வழியே நள்ளிரவில்தான் நுழைய முடிந்தது. இவ்விரு ஆட்டங்களிலும் களம் நிறுவனத்தின் சொத்து. ஆடுபவர் இரவல் வாசலில் நுழைந்தவர்.

சொந்த வாசல் என்ற ஒன்று பரவலாகக் கிடைத்தது 1993 டிசம்பர் 10 அன்று. அமெரிக்காவின் டெக்ஸாஸ் மாநிலத்தில் மெஸ்கீட் என்ற ஊரிலிருந்து இயங்கிய 'இட் சாப்ட்வேர்' என்ற சிறு குழு, 'டூம்' ஆட்டத்தை வெளியிட்ட நாள் அது. அலுவலகங்களிலும் கல்லூரிகளிலும் கோப்புகளையும் அச்சுப்பொறியையும் பகிர்ந்துகொள்வதற்காக அமைக்கப்பட்டிருந்த லேன் எனும் உள் வலையமைப்பின் வழியே நால்வர் வரை ஒன்றாக ஆடலாம். அதற்கெனத் தனிக் கருவி எதுவும் வேண்டியதில்லை. ஒருவரை ஒருவர் வேட்டையாடும் அந்த வகை ஆட்டத்துக்கு 'டெத்மேட்ச்' என்று பெயரிட்டவர் குழுவினருள் ஒருவரான ஜான் ரொமேரோ.

டூம் ஆட்டத்தில் தலைமைக் கணினி என்று ஒன்று இல்லை. நொடிக்கு 35 முறை ஒவ்வொரு கணினியும் தன் ஆட்டக்காரர் எந்த விசையை அழுத்தினார் என்பதை மற்ற மூன்றுக்கும் சொல்லும். நான்கும் ஒரே கணக்கைத் தனித்தனியே போட்டு ஒரே விடையை அடையும். முதல் பதிப்பில் இந்தச் செய்திகள் வலையமைப்பில் இருந்த எல்லாக் கணினிகளுக்கும் போய்ச் சேர்ந்தன. ஆடாதவர்களின் கணினியும் அவற்றைப் பிரித்துப் பார்த்து ஒதுக்க வேண்டியிருந்தது. நால்வர் ஆட, அலுவலகம் முழுவதும் திணறியது. பல நிறுவனங்களும் பல்கலைக்கழகங்களும் தம் வலையமைப்பில் டூம் ஆடுவதைத் தடை செய்தன. அடுத்து வந்த திருத்தப் பதிப்புகளில் இக்குறை நீங்கியது.

தடை விதிக்கப்பட்டால் ஆசை அடங்கிவிடுமா? இளைஞர்கள் தம் கணினிகளைக் காரில் ஏற்றி நண்பர் வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். கனத்த கண்ணாடித் திரைகள், விசைப்பலகைகள், முடிச்சு விழுந்த கம்பிகள் எல்லாவற்றையும் சுமந்துகொண்டுபோய் ஓர் அறையில் பரப்பி ஆடும் இந்தக் கூட்டங்களுக்கு 'லேன் பார்ட்டி' என்று பெயர் வந்தது. ஸ்வீடனில் மாலுங் என்ற சிற்றூரின் பள்ளியில் இத்தகைய கணினிக் கூட்டமாகத் தொடங்கியதே 'ட்ரீம்ஹேக்'; 1994இல் அப்பெயரைப் பெற்று, பின்னாளில் ஆயிரக்கணக்கானோர் கூடும் பெருவிழாவாயிற்று. 1996இல் டெக்ஸாஸ் மாநிலத்தின் கார்லண்டு நகரில், ரசிகர்கள் தாமே ஒரு விடுதியில் கூடித் தொடங்கியது 'குவேக்கான்'. நண்பர் வீட்டு முன்னறையில் முளைத்த விதைகள்தாம் இவை.

தொலைவைக் கடத்தல்

லேன் ஆட்டத்தின் எல்லை அதன் கம்பியின் நீளம்தான். தொலைவில் இருப்பவரை அழைப்பதற்கு இரண்டு வழிகள் தோன்றின. இரண்டும் பிற்கால வரலாற்றின் இரு கிளைகளை முன்கூட்டியே காட்டுகின்றன.

முதல் வழி 1994இல் ஹூஸ்டன் நகரில் தொடங்கிய 'டுவாங்கோ' என்ற கட்டணச் சேவை. மோடம் வழியே அந்நகரத் தொலைபேசி எண்ணை அழைத்தால், அங்குள்ள கணினி உங்களை மற்றவர்களோடு சேர்த்துவைக்கும். வாசல் வணிகருடையது. இரண்டாவது வழி ஜே காட்டன், ஸ்காட் கோல்மன் ஆகிய இருவர் எழுதிய 'காளி' என்ற மென்பொருள். லேனுக்கென எழுதப்பட்ட ஆட்டத்தை அது ஏமாற்றும். பக்கத்து மேசைக்கு அனுப்புவதாக எண்ணிக்கொண்டு ஆட்டம் வெளியிடும் செய்தியை, காளி இடைமறித்து இணையத்துக்குரிய உறையில் இட்டு உலகின் மறுகோடிக்கு அனுப்பிவிடும். அந்த உறை பிரிக்கப்பட்டதும் அங்குள்ள ஆட்டம், பக்கத்து மேசையிலிருந்து வந்த செய்தி என்றே நம்பும். 20 டாலர் கொடுத்து ஒருமுறை வாங்கிவிட்டால் போதும். வாசல் ஆடுபவருடையதாகவே இருந்தது.

1996 ஜூன் மாதம் வெளிவந்த 'குவேக்' இக்கதையின் பெரிய திருப்பம். அதில் ஒரு கணினி மட்டும் ஆட்டத்தின் உண்மை நிலையை வைத்திருக்கும். மற்றவை அதனிடம் கேட்டுக் காட்டும். சர்வர் எனப்படும் வழங்கிக்கும், அதை நாடி வரும் கணினிகளுக்கும் இடையே பணி இவ்வாறு பிரிந்தது. வழங்கி நிரலைக் குவேக் வாங்கிய எவரும் தம் கணினியில் ஓட்டலாம். முகவரியைச் சொன்னால் நண்பர்கள் வந்துசேர்வார்கள். பெயரை வெளியிட்டால் ஊரே வரும்.

இம்முறையில் ஒரு வேடிக்கை உண்டு. வழங்கி யார் வீட்டுக் கணினியில் ஓடுகிறதோ அவருக்குத் தாமதமே கிடையாது. தொலைவில் இருப்பவர்களுக்கோ ஒவ்வொரு அடியும் சற்றுப் பிந்தியே தெரியும். விருந்துக்கு அழைத்தவரே முதல் பந்தியில் அமர்ந்து சாப்பிடுவது போன்ற நிலை. மோடம் வழியே ஆடியவர்களுக்கு இந்தத் தாமதம் பெருந்தொல்லையாக இருந்தது. 1996 டிசம்பரில் ஜான் கார்மக் வெளியிட்ட 'குவேக்வேர்ல்ட்' இதற்கு ஒரு பரிகாரம் கண்டது. வழங்கியின் பதிலுக்குக் காத்திராமல், ஆடுபவரின் கணினியே அவர் நகர்ந்த இடத்தை ஊகித்துக் காட்டிவிடும். பதில் வந்தபின் பிழை இருந்தால் திருத்திக்கொள்ளும். இன்றுவரை இணைய ஆட்டங்கள் பலவற்றுக்கும் இதுவே அடிப்படை.

மானும் ஈட்டியும்

எங்கள் தலைமுறையின் ஆட்டமான 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ்' 1997இல் டல்லாஸ் நகரின் என்செம்பிள் ஸ்டுடியோஸ் உருவாக்கியது. அதன் உள்ளியக்கத்தை மார்க் டெர்ரானோ, பால் பெட்னர் என்ற இருவர் 2001இல் ஒரு கட்டுரையில் விளக்கினார்கள். கணினியியல் அறியாதவரும் சுவைத்துப் படிக்கத்தக்கது அது.

எட்டுப் பேர் ஆடும் போர்க்களத்தில் நூற்றுக்கணக்கான வீரர்கள் நகர்வார்கள். அவர்கள் ஒவ்வொருவரின் இருப்பிடத்தையும் நொடிதோறும் அனுப்ப அக்கால மோடத்தால் ஆகாது. ஆகவே அவர்கள் டூம் ஆட்டத்தின் வழியை ஒட்டி, கட்டளைகளை மட்டும் அனுப்பினார்கள். 'இந்த ஐம்பது வில்லாளிகள் அந்தக் குன்றுக்குச் செல்க' என்ற ஒரு வரி எல்லாக் கணினிகளையும் சென்றடைந்தால் போதும். ஒவ்வொரு கணினியும் அந்த ஐம்பது பேரைத் தானே நடத்திச் செல்லும். பிறப்பித்த கட்டளை உடனே நடக்காது. எல்லாருக்கும் சென்று சேர அவகாசம் தந்து, இரண்டு சுற்றுகள் கழித்தே நிறைவேறும். ஒரு சுற்று ஏறத்தாழ ஒரு நொடியில் ஐந்தில் ஒரு பங்கு. யாருடைய கணினியோ இணைப்போ மிக மெதுவானதோ, அதற்கேற்பச் சுற்றின் நீளம் கூடும். கூட்டத்தில் மெதுவாக நடப்பவருக்காக மற்றவர் எல்லாரும் நடையைக் குறைத்துக்கொள்ளும் ஏற்பாடு என்று இதைச் சொல்லலாம்.

இதன் ஆபத்தும் அக்கட்டுரையில் சொல்லப்பட்டிருக்கிறது. ஆட்டம் தொடங்கும்போது ஒரு கணினியில் ஒரு மான் இம்மியளவு தள்ளி நின்றுவிட்டால் போதும். அது வேறுவிதமாக மேயும். சில நிமிடங்கள் கழித்து அதைத் துரத்தும் வேடன் சற்றே விலகி நடப்பான். அவன் எறிந்த ஈட்டி குறி தவறும். ஒரு கணினியில் அவன் இறைச்சியோடும் மற்றதில் வெறுங்கையோடும் வீடு திரும்புவான். அவ்வளவுதான், ஒரே உலகம் இரண்டாகப் பிரிந்துவிட்டது. கணினிகள் தம் கணக்கை ஒப்பிட்டுப் பார்த்து, வேறுபாடு கண்டதும் ஆட்டத்தை நிறுத்திவிடும்.

2001இல் எங்கள் ஊர் பிரௌசிங் சென்டரில் இவையெல்லாம் தெரியாமலேயே ஆடினோம். இரவு பத்து மணிக்கு மேல் உரிமையாளர் ஷட்டரைப் பாதி இறக்கிவிடுவார். எட்டுக் கணினிகள், மணிக்கு 20 ரூபாய். 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ்' அலுத்தால் 'கவுண்டர் ஸ்ட்ரைக்'. உரிமையாளரின் மூலைக் கணினிதான் வழங்கி; கடவுச்சொல்லை அவர் வாய்விட்டுச் சொல்வார், நாங்கள் தட்டுவோம். அந்த அறையிலிருந்து ஒரு பைட் கூட வெளியே போகவில்லை. இணையம் அறுந்துபோன நாட்களிலும் ஆட்டம் நடந்தது. இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்: அங்கிருந்த குறுந்தகடுகள் எல்லாம் விலை கொடுத்து வாங்கியவை என்று சத்தியம் செய்ய எங்களால் இயலாது. பின்னால் நடந்தவற்றைப் புரிந்துகொள்ள இந்த ஒப்புதல் அவசியம்.

வாசல் கைமாறிய கதை

நாங்கள் அந்த அறையில் ஆடிக்கொண்டிருந்த காலத்திலேயே மாற்றம் தொடங்கிவிட்டிருந்தது. 'டியாப்லோ' ஆட்டத்தோடு பிளிஸார்டு நிறுவனம் தொடங்கிய 'பேட்டில்.நெட்' இலவசச் சேவை. அந்நியரோடும் நண்பரோடும் ஆட வழிசெய்தது. 1998 மார்ச் 31 அன்று வெளிவந்த அந்நிறுவனத்தின் 'ஸ்டார்கிராஃப்ட்' தாராளமாகவே நடந்துகொண்டது. ஒரே குறுந்தகட்டைக் கொண்டு நண்பர்களின் கணினிகளிலும் ஆட்டத்தின் கிளைப் பிரதிகளை நிறுவி எட்டுப் பேர் வரை சேர்ந்து ஆட அதுவே இடம் தந்தது. ஒருவர் வாங்கினால் ஊர் ஆடலாம் என்ற காலம்.

பேட்டில்.நெட்டில் நெரிசலும் தடங்கலும் ஏற்பட்டபோது, தன்னார்வலர் சிலர் அதே பணியைச் செய்யும் 'பிநெட்டி' என்ற வழங்கி நிரலைத் தாமே எழுதினார்கள். ஆட்டத்தை வாங்கியவர் தம் சொந்தக் கணினியிலேயே நண்பர்களுக்குச் சந்திப்பிடம் அமைத்துக்கொள்ள அது உதவியது. ஆனால் வந்தவர் உண்மையான பிரதியை வாங்கியவரா என்று அதனால் சோதிக்க முடியவில்லை. சோதிக்கும் வழியைக் கேட்டபோது நிறுவனம் தர மறுத்தது. 2002இல் நிறுவனம் வழக்குத் தொடுத்தது. 2005 செப்டம்பரில் அமெரிக்காவின் எட்டாம் வட்டார மேல்முறையீட்டு நீதிமன்றம் நிறுவனத்தின் பக்கமே தீர்ப்பளித்தது. ஆட்டத்தை நிறுவும்போது 'ஏற்கிறேன்' என்று அழுத்திய பயனர் ஒப்பந்தமும், காப்புரிமைப் பூட்டுகளைத் தகர்ப்பதைத் தடுக்கும் சட்டமும் அவர்களுக்கு எதிராக நின்றன. வாங்கிய ஆட்டத்துக்கு வாசலை நாமே அமைத்துக்கொள்ளலாம் என்ற எண்ணத்தின் மீது விழுந்த முதல் பெரிய அடி இது.

பிறகு அடுத்தடுத்துக் கதவுகள் மூடின. 2009 நவம்பரில் வெளிவந்த 'மாடர்ன் வார்ஃபேர் 2', கணினிப் பதிப்பில் தனி வழங்கி நடத்தும் வசதியை நீக்கியது. நிறுவனத்தின் ஏற்பாடே ஆடுபவர்களைப் பொறுக்கிச் சேர்க்கும்; அவர்களுள் ஒருவரின் கணினியையே களமாக்கும். களம் உங்கள் கணினியில் இருக்கும், ஆனால் யாரை அழைப்பது என்பதில் உங்களுக்குப் பங்கு குறைவு. உண்பவர் பட்டியலை வெளியார் எழுத, சமையல் மட்டும் நம் அடுப்பில் என்பது போல. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் எதிர்ப்பு மனுவில் ஒப்பமிட்டனர், பயனில்லை. 2010 ஜூலையில் வந்த 'ஸ்டார்கிராஃப்ட் 2' லேன் ஆட்டத்தையே கைவிட்டது. ஒரே மேசையில் எதிரெதிரே அமர்ந்த இருவரும் நிறுவனத்தின் வழங்கிக்குப் போய்த்தான் ஒருவரையொருவர் சந்திக்க வேண்டும். திருட்டுப் பிரதிகள் காரணமாகச் சொல்லப்பட்டன. எங்கள் பிரௌசிங் சென்டரை நினைத்துப் பார்க்கையில் அதை முழுப் பொய் என்று தள்ள மனம் ஒப்பவில்லை. ஆனால் பூட்டு, திருடனோடு விருந்தாளியையும் சேர்த்தே வெளியே நிறுத்தியது.

நடுவே இருந்த வழிகாட்டிகளின் நிலையும் நிலையற்றது. குவேக் வழங்கிகளைத் தேடித் தரும் சிறு கருவியாக 1996இல் பிறந்து, பின்னர் நூற்றுக்கணக்கான ஆட்டங்களுக்குச் சந்திப்பிடமான 'கேம்ஸ்பை' 2014 மே 31 அன்று சேவையை நிறுத்தியது. முகவரியை நேரே தட்டி நுழையும் வழியோ லேன் வசதியோ வைத்திருந்த ஆட்டங்கள் தப்பின. சிலவற்றுக்கு ரசிகர்களும் படைப்பாளிகளும் திருத்தம் எழுதி உயிர் கொடுத்தனர். 2003இல் கணினிக்கு வந்த 'ஹேலோ' அப்படிப் பிழைத்தவற்றுள் ஒன்று. மற்றவற்றில் ஆட்டம் வட்டில் இருந்தது. போய்ச் சேரும் வழி இல்லை.

கதவிலக்கம் இல்லாத வீடுகள்

எங்கள் நால்வரின் இரவு வீணானதற்கு நேரடிக் காரணம் வேறொன்று. அதில் எந்த ஆட்ட நிறுவனத்துக்கும் பங்கில்லை.

இணையத்தின் தொடக்ககால முகவரி முறையில் மொத்தம் ஏறத்தாழ 430 கோடி முகவரிகளே உண்டு. கணினிகள் பெருகப் பெருக இவை போதாமல் போயின. பிராந்தியங்களுக்குப் பகிர்ந்தளிக்கும் மையக் கையிருப்பு 2011 பிப்ரவரியில் தீர்ந்தது. இதைச் சமாளிக்க, ஒரு வீட்டுக் கருவிகள் எல்லாம் ஒரே வெளி முகவரியைப் பகிரும் முறை முன்பே வந்திருந்தது. வீட்டிலுள்ள ரௌட்டரில் 'இந்த எண்ணுள்ள போர்ட்டுக்கு வருபவரை இந்தக் கணினிக்கு அனுப்பு' என்று எழுதிவைத்தால் விருந்தாளி உள்ளே வரலாம். பின்னர் ஒரு தெருவே, ஒரு பேட்டையே ஒரு முகவரியைப் பகிரும் முறை வந்தது. அதற்கெனத் தனி முகவரித் தொகுதி 2012இல் ஒதுக்கப்பட்டது. இந்நிலையில் ரௌட்டரில் என்ன எழுதினாலும் பயனில்லை. வாசல் நம் கட்டுப்பாட்டில் இல்லாத ஓரிடத்தில் இருக்கிறது. நாம் வெளியே போகலாம். நம்மைத் தேடி எவரும் வர முடியாது. கதவிலக்கம் இல்லாத வீட்டில் விருந்து வைப்பது எப்படி?

இதற்கு மாற்று, 2004இல் அலெக்ஸ் பாங்க்ரதோவ் உருவாக்கிய 'ஹமாச்சி' போன்ற மென்பொருள்கள். காளி செய்ததன் வழித்தோன்றல் எனலாம். வெவ்வேறு ஊர்களில் உள்ள கணினிகளை ஒரே அறையில் இருப்பதாக நம்பவைக்கும் கற்பனை லேன் ஒன்றை இவை அமைக்கின்றன. உறுப்பினர்களுக்குக் கொடுக்க ஹமாச்சிக்கு முகவரிகள் வேண்டுமே! அப்போது எவருக்கும் ஒதுக்கப்படாதிருந்த 5 என்று தொடங்கும் முகவரிகளை எடுத்துக்கொண்டது. அவை மெய்யாகவே ஐரோப்பாவுக்கு ஒதுக்கப்பட்டபின், 2012இல் 25 என்று தொடங்கும் தொகுதிக்கு மாறியது. அது பிரிட்டனின் பாதுகாப்பு அமைச்சகத்துக்கு உரிய தொகுதி. பொது இணையத்தில் புழங்காததால் மோதல் வராது. நண்பர்கள் நால்வர் கூடி ஆட, ஒரு ராணுவ அமைச்சகத்தின் கதவிலக்கத்தை இரவல் வாங்கிய கதை இது. பெங்களூர் நண்பரின் மகன் எங்களுக்குச் செய்து கொடுத்ததும் இத்தகைய ஓர் ஏற்பாடுதான்.

ஏட்டுப் பிரதிகள்

கதவுகள் மூடிய அதே காலத்தில் ஒரு பெரிய கதவு திறந்தது என்பதையும் சொல்லியாக வேண்டும். ஸ்டாக்ஹோமில் மார்க்கஸ் பெர்சன் 2009இல் வெளியிடத் தொடங்கிய 'மைன்கிராஃப்ட்', வழங்கி நிரலை இலவசமாகவே கொடுத்தது. 2012 ஆகஸ்டில் வந்த பதிப்பில், தனியே ஆடிக்கொண்டிருக்கும் உலகத்தை ஒரே பொத்தானில் லேனுக்குத் திறந்துவிடும் வசதியும் சேர்ந்தது. சிறுவர்கள் முகவரி, போர்ட், கடவுச்சொல் ஆகியவற்றைப் பாடப்புத்தகம் இல்லாமலே கற்றார்கள். 2014இல் மைக்ரோசாப்ட் 250 கோடி டாலருக்கு வாங்கிய பின்னும், ஜாவா பதிப்புக்கு அந்த வழங்கி நிரல் தொடர்ந்து இலவசமாகவே கிடைத்துவருகிறது.

வீட்டு வாசலைத் திறந்து வைப்பது ஆபத்தில்லாத காரியமும் அன்று. 2016இல் உலகையே உலுக்கிய 'மிராய்' என்ற தாக்குநிரலை எழுதிய இளைஞர்கள் மைன்கிராஃப்ட் வழங்கிகளை முடக்கும் வணிகப் போட்டியில் ஊறியவர்கள். 2021 டிசம்பரில், உரையாடல் பெட்டியில் ஒரு வரி தட்டியே வழங்கியைக் கைப்பற்றிவிடலாம் என்ற பெரும் ஓட்டை 'லாக்4ஜே' என்ற நிரல்தொகுதியில் வெளிப்பட்டது; மைன்கிராஃப்ட் நடத்தியோர் அவசரமாகத் திருத்தம் போட்டார்கள். 2020இன் ஊரடங்கு மாதங்களில் 'அமங் அஸ்' போன்ற ஆட்டங்கள் பரவியதற்கு இந்த அச்சமும் அலுப்பும் இல்லாததே ஒரு காரணம். அறைக்குரிய எழுத்துக் குறியீட்டை நண்பருக்குச் சொன்னால் போதும், வழங்கி நிறுவனத்துடையது. எளிமைக்கு நாம் கொடுக்கும் விலை, அந்த வழங்கி நின்றால் அறையும் இல்லை என்பதே.

எங்கள் கல்லூரி மாணவர்கள் சிலர் 2021இல் வெளிவந்த 'வால்ஹைம்' ஆட்டத்தில் பத்து மாதம் உழைத்துக் கோட்டை, துறைமுகம், பாலம் என்று ஒரு சிற்றூரையே எழுப்பினார்கள். அந்த ஆட்டத்தில் உலகம் முழுவதும் அழைப்பவரின் வட்டில் ஒரு கோப்பாக இருக்கும். ஒரு நாள் அந்த மாணவனின் மடிக்கணினி பழுதாகி, வட்டு மீளவில்லை. ஊர் போயிற்று. வகுப்பில் அவர்கள் முகம் வாடியிருந்த காரணத்தைக் கேட்டபோது, உ.வே.சாமிநாதையர் ஏடு தேடி வீடு வீடாக அலைந்த கதையைத்தான் எங்களால் சொல்ல முடிந்தது. ஓரிடத்தில் மட்டும் இருந்த சுவடி செல்லுக்கும் தீக்கும் இரையாயிற்று. பலர் பெயர்த்தெழுதிப் பல வீடுகளில் வைத்திருந்தது பிழைத்தது. 'உங்களுள் ஒருவர்கூடப் பிரதி எடுக்கவில்லையா?' என்று கேட்டோம். பதில் இல்லை. அடுத்த உலகத்தை அவர்கள் ஆறு வட்டுகளில் வைத்திருக்கிறார்கள்.

ஆனால் அந்த மாணவர்களுக்குப் பிரதி எடுக்கும் வாய்ப்பாவது இருந்தது. 2014இல் யுபிசாஃப்ட் வெளியிட்ட 'தி க்ரூ' என்ற கார் பந்தய ஆட்டத்தை வாங்கியவர்களுக்கு அதுவும் இல்லை. தனியே ஓட்டினாலும் நிறுவன வழங்கி வேண்டும் என்ற அமைப்பு அது. 2024 மார்ச் 31 அன்று வழங்கி நிறுத்தப்பட்டது. காசு கொடுத்து வாங்கிய குறுந்தகடு வெறும் வட்டமாயிற்று. ராஸ் ஸ்காட் என்பவர் இதையொட்டித் தொடங்கிய 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' இயக்கம், ஒரு நிறுவனம் கைவிடும்போது ஆட்டத்தை ஆடத்தக்க நிலையில் விட்டுச்செல்ல வேண்டும் என்று கோரியது. ஐரோப்பிய ஒன்றியத்தில் அதன் குடிமக்கள் மனு, தேவையான 10 லட்சம் ஒப்பங்களை 2025 ஜூலையில் தாண்டியது.

இதற்கு எதிரே டூம் ஆட்டத்தை வைத்துப் பாருங்கள். 1997 டிசம்பரில் இட் சாப்ட்வேர் அதன் மூல நிரலையே பொதுவில் வைத்தது. 1999இல் குவேக் நிரலையும் வைத்தது. முப்பதாண்டு கடந்தும் அதை எழுதியவர்களின் அனுமதியோ உதவியோ இல்லாமல், எந்த வீட்டிலும் எந்த இரவிலும் நான்கு நண்பர்கள் அதை ஆடலாம். பத்தாண்டு வயதில் ஒரு ஆட்டம் மாண்டதும், முப்பது கடந்து மற்றொன்று வாழ்வதும் கலைத்தரத்தால் நேர்ந்தவை அல்ல. பிரதி யார் வீட்டில் இருக்கிறது, வாசலின் திறவுகோல் யார் இடுப்பில் தொங்குகிறது என்பதே வேறுபாடு.

ஆகவே வாசக நண்பர்கள் தம் பிள்ளைகளுக்கு ஓர் ஆட்டம் வாங்கித் தரும்போது, படத்தின் அழகோடு இன்னொன்றையும் விசாரிக்கலாம்: இதை நம் வீட்டுக் கணினியிலேயே நடத்தி நண்பர்களை அழைக்க முடியுமா? ஆம் என்றால் அது வாங்கிய பொருள். இல்லையென்றால், தவணை முடியும் தேதி குறிப்பிடப்படாத வாடகைப் பொருள்.

அன்றிரவு நாங்கள் ஆடத் தொடங்கியபோது மணி பன்னிரண்டரை. டொராண்டோவில் பிற்பகல் மூன்று. மதுரைக் கணினிதான் களம். ஆட்டம் தொடங்கிச் சில நிமிடங்களில் டொராண்டோ நண்பர் ஒரு மானைத் துரத்திக்கொண்டு வரைபடத்தின் ஓரம் வரை போனார். நான்கு திரைகளிலும் ஈட்டி ஒரே மானின் மீது பாய்ந்தது.